அக்கா குடிக்காத தேத்தண்ணி

எங்கள் வட்டாரத்தில் அந்த அக்கா வீட்டுக்கு வருகிறார் என்றால் தேத்தண்ணிக்குக் கேத்தில் வைக்கவே கை தயங்கும். வைக்காமலும் இருக்க முடியாது. வந்த மனுசிக்கு, அதுவும் வயதில் மூத்தவருக்கு, ஒரு தேத்தண்ணி கொடுக்காமல் அனுப்புகிற குடும்பம் கனடாவில் நாங்கள் இருக்கிற இந்த வோபர்னில் இல்லை. இருந்திருந்தால் அந்தக் குடும்பத்தின் கதை அடுத்த நாளே மாக்கம் வீதி முழுக்கப் போயிருக்கும். ஆகவே போடுவோம். கொண்டுபோய் அவருக்கு முன்னால் வைப்போம். "ஏன் பிள்ளை வீண் கரைச்சல்" என்பார். கப்பைத் தன் பக்கமாகக் கொஞ்சம் இழுத்து வைத்துக்கொள்வார். அதற்குப் பிறகு அதைத் தொடவே மாட்டார்.

வந்த காரியம் முடிந்தால்தான் தொடுவார். ஒரு மணித்தியாலம் ஆனாலும் சரி, வெயில் ஜன்னலை விட்டுச் சுவருக்குப் போனாலும் சரி.

இதைப் போய் ஒரு பெரிய விஷயமாகச் சொல்கிறேனே என்று யாரும் நினைத்தால் அவர்கள் எங்கள் ஆட்கள் இல்லை. யார் வீட்டில் யார் வாய் நனைப்பார்கள், யார் நனைக்க மாட்டார்கள் என்பதை வைத்தே மனிதரை அளந்த ஊர்களிலிருந்து வந்தவர்கள் நாங்கள். கனடா வந்து, கார் வாங்கி, வீடு வாங்கி, பிள்ளைகளைப் பட்டதாரி ஆக்கிய பிறகும் அந்த இடம் மட்டும் தொட்டால் நோகும். நான் போட்ட தேத்தண்ணியை ஒருத்தி குடிக்காமல் வைத்துக்கொண்டு இருந்தால் என்னையே தள்ளி வைத்த மாதிரி இருக்கும். அக்காவுக்கு அது நன்றாகத் தெரியும்.

அவரைப் பெயர் சொல்லி யாரும் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. "அக்கா வந்தவவோ", "அக்கா என்ன சொன்னவ" என்றால் எந்த அக்கா என்று ஒருவரும் திருப்பிக் கேட்க மாட்டார்கள். மெலிந்த உருவம். கோடையிலும் கழற்றாத ஒரு ஊதாச் சுவெற்றர். மணிக்கூட்டை உள்ளங்கைப் பக்கமாகத் திருப்பிக் கட்டியிருப்பார். செற்றியில், அதுதான் சோபாவில், எவ்வளவு இடம் இருந்தாலும் விளிம்பில்தான் இருப்பார், ஏதோ இப்போதே எழும்பப் போகிறவர் போல. அப்படி இருந்தபடியே பின்னேரம் வரைக்கும் இருப்பார்.

"நான் இருக்கிறன். நீங்கள் உங்கட வேலையைப் பாருங்கோ." இதுதான் அவர் அடிக்கடி சொல்வது. அதைக் கேட்ட பிறகு யாருக்கு வேலை ஓடும்.

அவருடைய வேலை என்னவென்று சொல்ல வேண்டும். இந்த நகரத்து மாநகரசபைத் தேர்தலில் கட்சிகள் கிடையாது. வாக்குச்சீட்டில் வெறும் பெயர்கள்தான். கட்சி செய்ய வேண்டிய வேலையை எங்கள் பக்கத்தில் சங்கங்கள் செய்தன. ஊர்ச் சங்கங்கள், பழைய மாணவர் சங்கங்கள், கோயில்காரர் எல்லாருமாக ஒரு பார்ட்டி ஹோலில் கூடி, இந்தமுறை எங்கள் சனத்தின் வோட்டு முழுக்க இன்னாருக்கு என்று முடிவெடுப்பார்கள். அந்த இன்னார் பல காலமாக ஒரே ஆள்தான். எங்கள் வட்டாரக் கவுன்சிலர். அவர் தமிழர் இல்லை. ஆனால் எங்கள் விழாவுக்கு வேட்டி கட்டிக்கொண்டு வருவார், கைகூப்பி வணக்கம் சொல்வார், திருவிழாவுக்கு வீதியை மூடித் தருவார். எடுத்த முடிவை யாரும் குழப்பாமல் பார்த்துக்கொள்வது அக்காவின் பொறுப்பு. எங்கள் ஆட்களில் ஒருவர் தானும் நிற்கப் போகிறேன் என்று கிளம்பினால் சங்கத் தலைவர் அக்காவுக்கு போன் பண்ணுவார். அக்கா அந்த வீட்டுக்குப் போய் இருப்பார்.

"வோட்டெண்டது கீரைப்பிடி மாதிரிப் பிள்ளை. பிடியாக் கட்டிக் குடுத்தாத்தான் விலை. உதிரியாப் போட்டா மாடுதான் தின்னும்" என்பார். இதை அவர் கோபமாகச் சொன்னதில்லை. சந்தையில் கீரை வாங்கித் தெரிந்த ஒரு மனுசி சொல்கிற மாதிரித்தான் சொல்வார்.

ஒருமுறை அஜின்கோர்ட்டில் ஒரு இளம் கணக்காளர் பாடசாலைச் சபைக்குச் சங்கம் நிறுத்திய ஆளுக்கு எதிராக நிற்கப் புறப்பட்டார். கெட்டிக்காரன். அக்காவின் வித்தையை முதலே கேள்விப்பட்டிருந்தார். அக்கா வந்து இருந்ததும், தேத்தண்ணி தருவதில்லை என்று முடிவு செய்துவிட்டார். கப் இல்லாவிட்டால் குடிக்காமல் இருப்பது எப்படி. நல்ல யோசனைதான், ஆனால் தாயை மறந்துவிட்டார். குசினிக்குள் நின்ற தாய்க்குப் பொறுக்கவில்லை. வந்த மனுசி வெறும் வாயோடு இருக்கிறாளே என்று தானே போட்டுக் கொண்டுவந்து வைத்தார். பிறகு நடந்ததை அந்தத் தாயே எனக்குச் சொன்னார். "ஆடை படர்ந்து, அது சுருங்கி, கப்பிலை ஒட்டுற வரைக்கும் இருந்தா. இன்னொண்டு சூடாப் போட்டுத் தாறன் எண்டன். 'வேண்டாம், எனக்கெண்டு போட்டது இதுதானே' எண்டா. நான் அழுதிட்டன்." மகன் அன்றைக்கே போட்டியிலிருந்து பெயரை எடுத்துவிட்டார். அக்கா அந்தப் பச்சைத் தண்ணியாய் ஆறிய தேத்தண்ணியைக் கடைசிச் சொட்டு வரை குடித்து, "நல்ல சாயம்" என்று புகழ்ந்துவிட்டுத்தான் எழும்பினாராம்.

அது அவருடைய இன்னொரு பழக்கம். காரியம் முடிந்தால் அதே கப்பைத்தான் குடிப்பார். சூடு பண்ண விட மாட்டார். அவர் ஒரு வீட்டில் சூடாகத் தேத்தண்ணி குடித்ததைப் பார்த்தவர் யாரும் இல்லை.

எங்கள் வீட்டிலும் நடந்தது. இவர், என் கணவர், தன்னோடு முன்பு வேலை செய்த ஒருவருக்காக எங்கள் வாசல் புல்லில் பெயர் எழுதிய ஒரு தேர்தல் சைன் பலகையை நட விட்டிருந்தார். சங்கம் சொன்ன பெயர் இல்லை அது. அடுத்த நாள் அக்கா வந்தார். இவர் சிரித்துக்கொண்டு, "அக்கா, இது கனடா. என்ர வளவிலை நான் விரும்பினதை நடுவன்" என்றார். "ஓம் தம்பி, உம்மட வளவுதானே" என்றார் அக்கா. அவ்வளவுதான். சைனைப் பற்றி அதற்குமேல் ஒரு சொல் இல்லை. எங்கள் மகள் அபிராவின் படிப்பைப் பற்றிக் கேட்டார். என் தாயாரின் சுகம் கேட்டார். கப் அப்படியே இருந்தது. இவர் தொலைக்காட்சியைப் போட்டார், நிறுத்தினார். நான் இவரைப் பார்த்தேன். இவர் கப்பைப் பார்த்தார். கடைசியில் வீட்டுச் செருப்போடு வெளியே போய் அந்தச் சைனைப் பிடுங்கிக் கராஜுக்குள் வைத்துவிட்டு வந்தார். அக்கா குடித்தார்.

அன்றைக்கு எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்ச நஞ்சமில்லை. என் வீட்டில், என் பாலில், என் தேயிலையில் போட்டதை வைத்து என்னையே மடக்கிவிட்டுப் போகிறாவே என்று இருந்தது. இனி இந்த மனுசிக்கு வாசற்படி இல்லை என்று இவரிடம் சபதம் செய்தேன்.

அந்தச் சபதம் நிலைக்கவில்லை. அடுத்த வருடம் இவருக்கு நெஞ்சுக்குள் அடைப்பு என்று ஆசுப்பத்திரியில் கத்தி வைத்தார்கள். அபிரா வேறு ஊரில் படித்துக்கொண்டிருந்தாள். நான் தனியே அந்த நீள நடையில் ஒரு கதிரையில் இருந்தேன். யார் சொன்னார்களோ தெரியாது, காலையில் அக்கா வந்து பக்கத்துக் கதிரையின் விளிம்பில் இருந்தார். ஆறுதல் வார்த்தை ஒன்றும் சொல்லவில்லை. "நான் இருக்கிறன். நீ போய் ஏதும் வயித்துக்குள்ளை போட்டுக்கொண்டு வா" என்றார். சங்கத்து ஆட்கள் கூட்டமாக வந்தபோது, "அவள் இப்ப கதைக்கிற நிலையிலை இல்லை, பேந்து வாங்கோ" என்று நடையிலேயே மறித்துத் திருப்பி அனுப்பினார். டொக்டர் வெளியே வந்து எல்லாம் சரி என்று சொல்லும்வரை அந்த இடத்தை விட்டு அசையவில்லை. இந்த மனுசி நமக்கு எதிரே இருந்தால் எவ்வளவு பயமோ, பக்கத்தில் இருந்தால் அவ்வளவு தைரியம் என்று அன்றைக்குத்தான் எனக்குப் பிடிபட்டது.

அக்கா குடியிருந்தது பதினோராம் மாடியில். அந்தக் கட்டடத்தில் எலிவேற்றர் இரண்டு. ஒன்று செத்துப் பல காலம். மற்றது நினைத்தால் ஓடும், நினைத்தால் நிற்கும். அக்காவுக்கு முழங்கால் இரண்டும் தேய்ந்துபோயிருந்தன. பிள்ளைத்தாய்ச்சிகள் படியில் இருந்து இருந்து ஏறுவார்கள். கட்டடக்காரனுக்குச் சொல்லிப் பயனில்லை என்றதும் அக்கா கவுன்சிலரின் அலுவலகத்துக்குப் போன் பண்ணினார். திரும்ப எடுப்போம் என்றார்கள். எடுக்கவில்லை. பல முறை பண்ணினார். கடைசியில் ஒரு பனிக்கால மத்தியானம் எனக்குப் போன் வந்தது. "பிள்ளை, என்னைக் கவுன்சிலரின்ர ஒவ்பிசுக்குக் கொண்டுபோய் விடுவியே? போய் இருந்து பாக்கிறன்."

நான்தான் காரில் ஏற்றிப் போனேன். கடைத்தொகுதி ஒன்றில் நகைக்கடைக்குப் பக்கத்தில் அந்த அலுவலகம். முன்னுக்கு இருந்த வெள்ளைக்காரப் பிள்ளை நல்ல மாதிரி. அக்காவை இருக்கச் சொன்னது. கடதாசிக் கப்பில் கோப்பி கொண்டுவந்து மேசையில் வைத்தது. அக்கா அதைத் தன் பக்கமாகக் கொஞ்சம் இழுத்தார்.

சரி, தொடங்கிவிட்டா என்று நினைத்தேன். இன்றைக்கு இந்த அலுவலகம் படப்போகிற பாட்டைப் பார்ப்போம் என்று ஒரு சந்தோசமும் வந்தது.

ஒன்றும் நடக்கவில்லை. கவுன்சிலர் ஒருமுறை வெளியே வந்தார். அக்காவைக் கண்டதும் கைகூப்பி வணக்கம் சொன்னார். தன் அம்மாவைப் போல என்று பக்கத்தில் நின்றவரிடம் ஆங்கிலத்தில் சொன்னார். எலிவேற்றர் என்று அக்கா வாயெடுக்க, கட்டாயம் பார்க்கிறேன் என்றார், உள்ளே போய்விட்டார். பின் கதவால் எப்போது வெளிக்கிட்டார் என்றுகூட எங்களுக்குத் தெரியாது. நாங்கள் இருந்தோம். ஆட்கள் வந்தார்கள், போனார்கள். அந்தக் கோப்பியை ஒருவர்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. பூட்டுகிற நேரம் அந்தப் பிள்ளை மேசைகளைத் துடைத்துக்கொண்டு வந்தது. முடிந்துவிட்டதா என்று ஆங்கிலத்தில் கேட்டது. பதிலுக்கு நிற்காமல் கப்பை எடுத்துப்போய்க் குப்பைக்குள் போட்டது.

அக்காவைக் காரில் ஏற்றிக்கொண்டு திரும்பினேன். எல்ஸ்மியர் சந்தியில் சிவப்பு விளக்குக்கு நின்றபோது, முன்னால் பார்த்தபடியே கேட்டார். "அவையளுக்கு விளங்கேல்லை, என்ன?"

"என்னக்கா?"

"நான் குடிக்கேல்லை எண்டது."

"அவையளுக்கு உது தெரியாதக்கா" என்றேன்.

விளக்கு பச்சையாகிக் கொஞ்சத் தூரம் போன பிறகு, "எங்கட சனத்துக்கு மட்டுந்தான் விளங்குது" என்றார். அதைத் தனக்குத்தான் சொன்னார், எனக்கில்லை. வீட்டு வாசலில் இறக்கிவிட்டேன். எலிவேற்றர் நின்றிருந்தது. படியில் அவர் ஏறிய விதம் எனக்கு இப்போதும் கண்ணுக்குள் நிற்கிறது. மனம் சரியாக நொந்துபோனது.

அடுத்த கோடையில் அபிரா அதே கவுன்சிலருக்கு எதிராக மாநகரசபைக்கு நிற்கப் போகிறேன் என்றாள்.

அவள் அப்போது வாடகைக்காரருக்கு உதவுகிற ஒரு இடத்தில் வேலை செய்துகொண்டிருந்தாள். அந்த உயர்ந்த கட்டடங்களுக்கெல்லாம் படியேறிப் போய்க் கதவு கதவாகத் தட்டிக் கதைத்தவள். அதனால் வந்த வினை. இவருக்கு முகம் வெளுத்துவிட்டது. இவருடைய சாப்பாட்டுக் கடை சங்கங்களின் விழாக்களை நம்பித்தான் நடந்தது. ரோல்ஸும் பற்றிஸும் பெட்டி பெட்டியாகப் போவது அங்கேதான். தலைவர் கடைக்கே வந்து, "பிள்ளைக்குச் சொல்லுங்கோ, எல்லாரும் நல்லா இருக்கிறதுதானே நல்லது" என்று மிகவும் அன்பாகச் சொல்லிவிட்டுப் போனாராம். இவர் அபிராவிடம் கெஞ்சினார். அவள் கேட்கவில்லை. ஆனால் இவர் அழுதால் கேட்பாள் என்று எனக்குத் தெரியும். சின்ன வயதிலிருந்தே தகப்பன் கண் கலங்கினால் அவள் உடைந்துவிடுவாள். இவர் இன்னும் அழவில்லை, அவ்வளவுதான்.

அபிரா முதலே பெயர் கொடுத்திருந்தாள். பெயர் கொடுக்கிற கடைசி நாள் ஒரு வெள்ளிக்கிழமை. அன்றைக்குப் பின்னேரம் இரண்டு மணியோடு எல்லாம் பூட்டு. கொடுத்த பெயரை எடுப்பதென்றாலும் அதற்குள் ஆள் நேரே நகர மத்தியில் இருக்கிற சிற்றி ஹோலுக்குப் போய்த்தான் எடுக்க வேண்டும். இரண்டு தாண்டினால் பிறகு யார் தலைகீழாக நின்றாலும் பெயர் வாக்குச்சீட்டில் இருக்கும். வியாழக்கிழமை அக்கா போன் பண்ணினார். "நாளைக்குக் காலமை வாறன் பிள்ளை."

காலையில் வந்தார். வாசலில் சப்பாத்தைக் கழற்ற முடியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். அபிராதான் குனிந்து கழற்றிவிட்டாள்.

"அன்ரி, படியாலையோ வந்தனீங்கள்?"

"ஓம் பிள்ளை. நேத்து மற்றதும் நிண்டுபோச்சு."

"உங்களுக்கு முழங்கால் பெய்ன் எல்லே. எனக்கு ஒரு கோல் தந்திருந்தா நான் வந்திருப்பனே" என்று கடிந்துகொண்டே கையைப் பிடித்துக் கூட்டிவந்து இருத்தினாள். பிறகு முகத்துக்கு நேரே சொன்னாள். "அன்ரி, சொரி. நான் பேரை வித்ட்ரோ பண்ண மாட்டன். உங்களை ஏன் அனுப்பினவையள் எண்டு எனக்குத் தெரியும்."

"நான் இன்னும் ஒண்டும் கேக்கேல்லையே பிள்ளை" என்றார் அக்கா. "நீ உன்ர வேலையைப் பார். நான் இருக்கிறன்."

நான் தேத்தண்ணி போட்டேன். கொண்டுபோய் வைத்தேன். ஏன் வீண் கரைச்சல் என்றார். தன் பக்கமாக இழுத்தார். விட்டார்.

அபிரா சாப்பாட்டு மேசையில் கொம்பியூட்டரோடு இருந்து யாருக்கோ எழுதிக்கொண்டிருந்தாள். நான் ஹோலுக்கும் குசினிக்குமாக நடந்தேன். கழுவின பாத்திரத்தைத் திரும்பக் கழுவினேன். தேத்தண்ணியில் ஆடை படர்ந்தது. அக்காவுக்குக் காது கொஞ்சம் மந்தம் என்பதால் போனை எப்போதும் சத்தமாகப் போட்டுத்தான் கதைப்பார், மறுபக்கம் சொல்வது வீட்டுக்கே கேட்கும். முதல் அழைப்பு வந்தது. தலைவர்.

"என்ன மாதிரி அக்கா?"

"இருக்கிறன்."

"குடிச்சிட்டியளோ?"

"இல்லை."

அவர் சிரித்துவிட்டு வைத்தார். எனக்குக் காது கொதித்தது. என் வீட்டுத் தேத்தண்ணி இவர்களுக்குத் தந்தி மாதிரி ஆகிவிட்டதே என்று நினைத்தேன். அபிரா தலை நிமிரவில்லை. ஆனால் அவள் தட்டுவது நின்றுபோயிருந்தது.

பன்னிரண்டு அடித்துக் கொஞ்ச நேரத்தில் திரும்பவும் போன். தலைவரின் குரலில் இந்தமுறை சிரிப்பு இல்லை. "அக்கா, நேரம் போகுது. நாங்கள் நாலைஞ்சு பேர் வான் வண்டியோடை நிக்கிறம். கடையிலை தகப்பனையும் ஏத்திக்கொண்டு வாறம். மனுசன் இப்பவே அழுகிற நிலை. அவர் வந்து கேட்டாப் பிள்ளை கேக்கும். அப்பிடியே நேர சிற்றி ஹோலுக்குக் கொண்டுபோயிடுவம்."

முடிந்தது என்று நினைத்தேன். அவர்கள் கடையிலிருந்து எங்கள் வீட்டுக்கு வர ஒரு பாட்டு முடிகிற நேரம் போதும். இவர் வாசலில் நின்று அழுவார். அபிரா எழும்பிப் போவாள். போய்விட்டு வந்து வாழ்நாள் முழுக்க அதைப் பற்றி ஒரு வார்த்தை பேச மாட்டாள். எனக்கு என் பிள்ளையை அப்படிப் பார்க்க முடியாது.

"வரவேண்டாம்" என்றார் அக்கா.

"இல்லை அக்கா, நேரம்..."

"நான் இருக்கிற வீட்டுக்கு இன்னொரு ஆள் வந்து கதைக்கிறதெண்டா பேந்து நான் ஏன்? இத்தனை காலம் ஆரும் வந்தவையே? நீங்கள் அங்கையே நில்லுங்கோ. நான் இருக்கிறன்."

தலைவர் ஏதோ முனகிவிட்டு வைத்தார். வான் வரவில்லை. அக்கா சொன்னால் சொன்னதுதான், அந்த வழக்கத்தை உடைக்க அவருக்கும் துணிவில்லை. மனுசிக்கு எவ்வளவு திமிர், வெற்றியைக்கூடப் பங்கு போட மாட்டாவாம் என்றுதான் எனக்கு அப்போது பட்டது.

கப்பின் விளிம்பில் ஆடை காய்ந்து ஒட்டத் தொடங்கியது. நான் என் தாயை நினைத்தேன், அந்த அஜின்கோர்ட் தாயை நினைத்தேன். இவரையும் கடையையும் நினைத்தேன். இந்தப் பாழ்படுவான் தேத்தண்ணியை இந்த மனுசி குடித்துவிட்டு எழும்பினால் போதும், வேறு எதுவும் எனக்கு வேண்டாம் என்று வந்துவிட்டது. மேசைக்குப் போய் அபிராவின் தோளில் கை வைத்தேன்.

"அபிரா, வெளிக்கிடு. நான் காரை எடுக்கிறன். இப்ப போனாலும் நேரம் காணும்."

அவள் என்னைப் பார்த்தாள். கண் நிறைந்திருந்தது. அவள் பதில் சொல்லுமுன் அக்காவின் குரல் வந்தது.

"இரு பிள்ளை. எனக்கு ஒரு அவசரமுமில்லை."

திரும்பிப் பார்த்தேன். அக்கா கப்பைப் பார்க்கவில்லை. உள்ளங்கைப் பக்கம் இருந்த மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். "பிள்ளையை வேலை செய்ய விடு. நீயும் வந்து இதிலை இரு. காலமை துவங்கி நடந்துகொண்டு திரியிறாய்."

போய் இருந்தேன். வெள்ளிக்கிழமை மத்தியானத்தில் 401 நெடுஞ்சாலை எப்படி அடைபட்டு நிற்கும் என்று எனக்குத் தெரியும், என்னைவிட அக்காவுக்கு நன்றாகத் தெரியும். எத்தனை பேரைச் சிற்றி ஹோலுக்கு அவர்தானே கூட்டிப் போயிருக்கிறார். இனிமேல் வெளிக்கிட்டால் போய்ச் சேர முடியாது என்கிற நேரம் வந்தது. அதுவும் கடந்தது. அவர் செற்றி விளிம்பை விட்டு அசையவில்லை. ஆசுப்பத்திரி நடையில் என் பக்கத்தில் இருந்த அதே இருப்பு. கூட்டத்தை அன்றைக்கு மறித்தது போலத்தான் இன்றைக்கும் வாசலை மறித்துக்கொண்டு இருக்கிறா என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது.

இரண்டு மணி தாண்டியதும் போன் அடித்தது.

"முடிஞ்சுது" என்றார் அக்கா. "பிள்ளை அசையேல்லை."

மறுபக்கத்தில் தலைவர், "உங்களாலையும் ஏலாமப் போச்சே அக்கா" என்றார்.

"ஓம் தம்பி. ஏலாமப் போச்சு" என்றார் அக்கா. போனை ஹான்ட் பாக்குக்குள் வைத்துச் சிப்பை இழுத்துப் பூட்டினார்.

அந்த ஒரு சொல்லுக்கு அவர் கொடுத்த விலையைப் பிறகு நான் பார்த்தேன். சங்க விழாக்களில் முன்வரிசையில் அவருக்கென்று இருந்த கதிரை அடுத்த முறை இல்லை. தலைவர் அவருக்குப் போன் பண்ணுவதை நிறுத்திவிட்டார். தேத்தண்ணி அக்காவின் காலம் முடிந்துவிட்டது என்று சனம் கதைத்தது. அபிரா அந்தத் தேர்தலில் வெல்லவில்லை. ஆனால் கவுன்சிலர் பயப்படும் அளவுக்கு வோட்டு எடுத்தாள், முக்கியமாக அந்தக் கட்டடங்களில். வாக்களிப்புக்கு முந்திய வாரம் இரண்டு எலிவேற்றரும் ஓடத் தொடங்கின, ஒன்றின் முன்னால் நின்று கவுன்சிலர் படமும் எடுத்துக்கொண்டார். சங்கத்து விழாக்கள் சில காலம் வேறு கடையில் சாப்பாடு எடுத்தன, பிறகு எங்கள் பற்றிஸுக்கே திரும்பி வந்தன. அக்காவை மகன் அஜக்ஸுக்குக் கூட்டிப் போய்விட்டார். அது வேறு நகரம், வேறு சபை. அங்கே அவர் யார் வீட்டிலாவது போய் இருக்கிறாரா என்று எனக்குத் தெரியாது. அன்றைக்கு ஏன் நேரத்தைப் போகவிட்டார் என்று நான் அவரிடம் ஒருநாளும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

ஆனால் அந்த வெள்ளிக்கிழமை, போனை வைத்த பிறகு, அவர் எழும்புவார் என்று நான் நினைத்தேன். காரியம் முடியவில்லை என்றால் அவர் குடிக்காமல் எழும்ப வேண்டும், அதுதான் அவருடைய வழக்கம். அப்படி அவர் எழும்பிப் போகிற கேவலத்துக்கு நான் தயாராகவே இருந்தேன். அபிராவும் மேசையை விட்டு வந்து பக்கத்தில் நின்றாள்.

அக்கா எழும்பவில்லை. செற்றியின் விளிம்பிலிருந்து மெல்லப் பின்னுக்கு நகர்ந்து, முதல் தடவையாக, முதுகைச் சாய்த்து வசதியாக இருந்தார். அந்த ஆடை பிடித்த கப்பை எடுத்து என்னிடம் நீட்டினார்.

"இதை ஊத்திப்போட்டு, சுடச்சுட இன்னொண்டு போடு பிள்ளை."

போட்டேன். கொண்டுவந்து கையில் கொடுத்தேன். வாங்கினதும் வாயில் வைத்துவிட்டு உதட்டைச் சுட்டுக்கொண்டார். சூடாகக் குடித்துப் பழக்கமில்லை. அபிரா, "அன்ரி, மெதுவா" என்றாள். அக்கா ஓம் என்று தலையாட்டிவிட்டு, இரண்டு கையாலும் கப்பைப் பிடித்துக்கொண்டு, ஊதி ஊதிக் குடித்தார்.